அப்பா அடிக்கோடிட்ட சொற்கள்

அப்பாவுக்குக் கடைசியில் வலி இருந்ததா? இந்தக் கேள்விக்கு இன்றுவரை எனக்குப் பதில் தெரியாது. வைத்தியசாலையில் இதையே என்னிடம் கேட்டபோது, தெரிந்தவள் போல "ஓம்" என்று சொன்னவளும் நான்தான்.

அப்பாவின் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டியில் உங்களுக்குத் தரும் இந்த நினைவு மலரில் அவர் வாழ்க்கையை எழுதும் பொறுப்பை அம்மாவும் தம்பியும் மூத்தவள் என்று என்னிடம் தந்தார்கள். ஏழு மாதக் குழந்தையை ஒரு கையில் வைத்துக்கொண்டு எழுதுகிறேன். அப்பாவின் நல்ல குணங்களை மட்டும் எழுதி முடித்துவிடலாம் என்றுதான் தொடங்கினேன். இரண்டு தடவை அப்படி எழுதி இரண்டு தடவையும் அழித்தேன். நான் செய்வது பிழையாக இருந்தால் உறவினர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

அப்பா வலிகாமத்தில் ஒரு புகையிலைத் தோட்டக்காரரின் நான்காவது பிள்ளையாகப் பிறந்தார். உயர்தரம் வரை படித்தார். நாட்டில் மூண்ட போர் அவரை அதற்கு மேல் படிக்கவிடவில்லை. தொண்ணூறுகளின் தொடக்கத்தில் மொஸ்கோ வழியாக ஜெர்மனிக்குப் போகப் புறப்பட்டார். கூட்டிப்போன ஏஜென்சிக்காரர் போலந்தில் ஒரு வீட்டில் ஆட்களை விட்டுவிட்டுப் போனார், திரும்பி வரவில்லை. எல்லையைக் கடக்கும்போது பிடிபட்ட அப்பா பல மாதங்கள் தடுப்புக் காவலில் இருந்தார். பிறகு ஒருவாறு லண்டன் வந்து, அம்மாவைத் திருமணம் செய்து, வெஸ்ட் ஈலிங்கில் ஒரு பலசரக்குக் கடையில் இருபது வருடங்களுக்கு மேல் வேலை செய்தார்.

அந்தக் கடைக்கு வரும் போலிஷ்காரர்களோடு அப்பா அவர்கள் மொழியிலேயே கதைப்பார். புதிதாக வரும் கட்டட வேலைக்காரர்கள் திகைத்துப்போய், எங்கே படித்தீர்கள் என்று கேட்பார்கள். "உங்கடை மறியல்லதான், இலவசமா" என்று தான் கிடந்த சிறையைச் சொல்லுவார். அவர்கள் சிரிப்பார்கள். அப்பாவும் சிரிப்பார்.

எங்கள் வீட்டுக்கு வந்தவர்கள் எல்லோரும் முன்னறையின் சுவரைப் பார்த்திருப்பீர்கள். முப்பதுக்கும் மேற்பட்ட போலிஷ் அகராதிகள் அங்கே இருக்கின்றன. ஈலிங்கில் போருக்குப் பின் குடியேறிய போலிஷ் முதியவர்கள் ஒவ்வொருவராக இறந்துபோக, அவர்களின் பிள்ளைகள் புத்தகங்களை, பழைய பொருட்களை விற்கும் தருமக் கடைகளில் கொண்டுபோய்க் கொடுத்தார்கள். அப்பா அவற்றைத் தேடித் தேடி வாங்கினார். பதினொரு தொகுதியில் ஒரு பேரகராதி கிடைத்த அன்று அப்பாவோடு தம்பியும் போயிருந்தான். அப்போது அவனுக்கு மூன்று வயது. அம்மா அந்தக் கதையை இன்றும் சொல்லுவா.

"பிள்ளை அழுது அழுது நடந்து வாறான். புத்தகங்கள் அவன்ரை தள்ளுவண்டியில சொகுசா இருந்து வருகினம். நான் வாசல்ல நிண்டு பாக்கிறன், மனுசன் மழைக்குப் புத்தகத்துக்குத்தான் போர்வை போட்டிருக்கு!"

"அவன் நனைஞ்சால் துடைக்கலாம். புத்தகத்தைத் துடைக்க ஏலுமே?" என்று அப்பா அதற்கு எப்போதும் ஒரே பதிலைத்தான் சொல்லுவார்.

"ஒரு பாசைக்கு ஒரு அகராதி போதாதே? உங்களுக்கென்ன விசரே?"

"ஒரு சட்டியிலயே நீர் சோறும் சொதியும் வைக்கிறீர்?"

ஒவ்வொன்றும் எதற்கு என்று அப்பா எனக்குச் சொல்லித் தந்திருக்கிறார். நான் அரைக்காதால் கேட்டிருக்கிறேன். நினைவில் இருப்பதை எழுதுகிறேன், விடுபட்டவை என் குறைதான். போலிஷில் முதலில் வந்தவை லத்தீன் படிப்பவர்களுக்கான அகராதிகள். லத்தீன் சொல் முன்னுக்கு நிற்கும், போலிஷ் அதற்கு விளக்கமாகப் பின்னுக்கு வரும். பின்னர் ஒரு பாதிரியார் போலிஷ் சொல்லை முன்னுக்கு வைத்து, லத்தீனையும் கிரேக்கத்தையும் அதன் பின்னால் வரச் செய்தார். போலிஷ் சொற்களைப் பழைய நூல்களின் மேற்கோள்களோடு விளக்கிய ஆறு தொகுதிப் பேரகராதி அதற்கும் வெகுகாலம் பிந்தியது. மூன்று அண்டைப் பேரரசுகள் போலந்தைப் பங்குபோட்டுக்கொண்ட பிறகுதான் அது வெளிவந்தது. "நாட்டைப் பறிகுடுத்த பிறகுதான் சொல்லுகளை எண்ணிப் பாக்கத் தொடங்கினவை" என்பார் அப்பா. பிறகு வில்னியுசில் ஒன்றும், வார்சாவில் எட்டுத் தொகுதிகளில் ஒன்றும் வந்தன. அந்த எட்டுத் தொகுதி வேலை அந்நிய ஆட்சியில் தொடங்கி, நாடு விடுதலை பெற்ற பிறகே முடிந்ததாம். தொடங்கியவர்களில் முடிவைக் காணாமல் இறந்தவர்களும் உண்டு. தள்ளுவண்டியில் வந்த பதினொரு தொகுதி இரண்டாம் உலகப் போருக்குப் பிந்தியது.

பேரகராதிகளுக்குக் கீழ்த்தட்டில் மற்ற வகைகள் இருக்கின்றன. எழுத்துப்பிழை பார்ப்பதற்கு ஒன்று, எது சரியான வழக்கு என்று தீர்ப்புச் சொல்ல ஒன்று, பிறமொழிச் சொற்களுக்கு, ஒத்த சொற்களுக்கு, வட்டார வழக்குக்கு, சொல்லின் பிறப்புக்கு என்று தனித்தனியாக. சொற்களைக் கடைசி எழுத்திலிருந்து பின்னோக்கி அடுக்கிய ஒன்றும் இருக்கிறது. மருத்துவச் சொற்களுக்கு மட்டும் அப்பா நான்கு வைத்திருந்தார். ஏன் நான்கு என்று நான் கேட்டதில்லை.

ஏன் இத்தனை அகராதிகள் என்று மட்டும் ஒருநாள் கேட்டேன். பல்கலைக்கழகம் போகத் தொடங்கிய வருடம் அது. அப்பா கடையில் பெட்டி உடைத்துக்கொண்டே சொன்னார்.

"தடுப்பில என்னோட குமார் எண்டொரு பெடியன் இருந்தவன். வயித்துக்குத்து வந்தது. காவலாளியள் நடிக்கிறான் எண்டிட்டினம். வெளியில கொண்டுபோனால் ஓடிடுவானாம். என்னட்டை ஒரு சின்ன அகராதி இருந்தது, வந்த புதுசில ரோட்டுக்கடையில வாங்கினது. ஆனா அது அரைவாசிப் புத்தகம், பிள்ளை."

"கிழிஞ்சதோ அப்பா?"

"கிழியேல்லை. போலிஷ் சொல்லுக்கு இங்கிலிஷ் சொல்லுற பாதி. இங்கிலிஷ் சொல்லுக்குப் போலிஷ் சொல்லுற பாதி தனிப் புத்தகம். நான் அது தெரியாமல் வாங்கிட்டன். வலிக்கு என்ன சொல்லு எண்டு பாக்க வழியில்லை. முதல் பக்கத்திலயிருந்து ஒவ்வொரு வரியா, எந்தச் சொல்லுக்கு நேர வலி எண்டு கிடக்கு எண்டு தேடினன். அவன் பக்கத்தில சுருண்டு கிடக்கிறான்."

அப்பா கடைசிப் பக்கங்களுக்கு வந்து, சேர்த்த சொற்களைக் காவலாளியிடம் வாசித்துக் காட்டியபோது ஒரு நாள் கழிந்திருந்தது. அதன் பிறகே வண்டி வந்தது. குமார் வைத்தியசாலையில் இறந்துபோனார். குடல்வால் வெடித்திருந்ததாம்.

"சரியான புத்தகத்தை வாங்கியிருந்தால் பத்து நிமிசம்" என்றார் அப்பா. பிறகு என்னை உருளைக்கிழங்கு மூட்டைக்கு ஒரு கை தரச் சொன்னார். அதைப் பற்றி நாங்கள் மீண்டும் பேசவில்லை.

இந்த வருடம் அப்பாவுக்குப் பக்கவாதம் வந்தது. மூளையில் இரத்தக் கசிவு. இரண்டு நாள் ஒரு சொல்லும் இல்லை. மூன்றாம் நாள் அம்மா குழந்தையை வீட்டில் பார்த்துக்கொள்ள, நான் மட்டும் வார்டில் இருந்தேன். மத்தியானம் அப்பா பேசத் தொடங்கினார். தமிழும் இல்லை, ஆங்கிலமும் இல்லை. நான் "அப்பா, நான் பிள்ளை" என்று சொல்லிக்கொண்டே இருந்தேன். சாப்பாட்டுத் தட்டு எடுக்க வந்த உதவியாளர் அப்படியே நின்றுவிட்டார். அவர் போலந்துப் பெண்.

"இவர் எங்கள் மொழியில் பேசுகிறார்!" என்றார்.

"என்ன சொல்கிறார்?"

"தனித்தனிச் சொற்கள்தான். வலி. வயிறு. காய்ச்சல். இரத்தம். வைத்தியர். உண்மை. விரைவாக. சாவது. பிறகு மறுபடியும் வலி." உணவுப் பட்டியல் தாளின் பின்புறத்தில் அவற்றை எழுதியும் தந்தார். அவருடைய கண் கலங்கியிருந்தது.

தாதி வந்து பார்த்தார். காய்ச்சல் இல்லை என்றார். அப்பாவின் இடது கை போர்வையின் ஓரத்தைத் திருப்பித் திருப்பிப் போட்டுக்கொண்டிருந்தது. வலியில் அந்தரப்படுகிறார் என்று நினைத்தேன். மருத்துவர் வந்து, கசிவு கூடுகிறது, திரும்புவது கடினம் என்று விளக்கினார். வலிக்கு மருந்து கொடுக்கலாம், ஆனால் மயக்கமாகவே இருப்பார் என்றார். "உங்கள் அப்பாவை நன்றாகத் தெரிந்தவர் நீங்கள். அவருக்கு வலி இருப்பதாக நினைக்கிறீர்களா?" என்று தாதி கேட்டார். அம்மாவை வரச் சொல்லிவிட்டுப் பதில் சொல்லியிருக்கலாம். தம்பிக்கு ஒரு போன் எடுத்திருக்கலாம். நான் ஓம் என்றேன்.

அதன் பிறகு அப்பா கண் திறக்கவில்லை. மறுநாள் அம்மா வந்து கையைப் பிடித்துக்கொண்டு கூப்பிட்டா.

"இஞ்சாருங்கோ, நான் வந்திருக்கிறன். ஒருக்காக் கண்ணைத் திறவுங்கோ." பிறகு என்னைப் பார்த்தா. "நேற்றுக் கதைச்சவர் எண்டாய்?"

"கதைச்சவர் அம்மா."

"என்னைக் கேட்டவரே?"

"ஓம் அம்மா. கேட்டவர்."

அதற்கடுத்த நாள் அப்பா காலமானார்.

இறப்பைப் பதிவு செய்ய அப்பாவின் பழைய பத்திரங்களைத் தேடியபோது, அந்தச் சின்ன அகராதியைக் கண்டேன். சுவரில் மற்றவற்றோடு அதை அவர் வைக்கவில்லை. கடவுச்சீட்டுகளோடு ஒரு பைலுக்குள் வைத்திருந்தார். உள்ளே எட்டுச் சொற்களுக்குப் பென்சிலால் கோடு போட்டிருந்தது. உதவியாளர் எழுதித் தந்த தாளைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். அதே எட்டுச் சொற்கள். அதே வரிசை. அகராதியில் எந்த ஒழுங்கில் வருமோ அந்த ஒழுங்கில்தான் அப்பா கட்டிலில் கிடந்து சொல்லியிருக்கிறார்.

அப்படியென்றால் அவர் தன்னுடைய வலியைச் சொல்லவில்லை, குமாருக்காகக் காவலாளியிடம் வாசித்துக்கொண்டிருந்தார் என்று ஒரு நாள் நினைக்கிறேன். அவருக்கும் வலித்திருக்கும், வலியைச் சொல்ல மிஞ்சியிருந்தவை அந்தச் சொற்கள்தான் என்று மறுநாள் நினைக்கிறேன். முதலாவது சரியென்றால், விழித்திருந்த மனிதரை நான் தூங்க வைத்துவிட்டேன். அம்மாவுக்குக் கிடைத்திருக்கக்கூடிய ஒரு நாளையும் பறித்துவிட்டேன். மருத்துவர் எப்படியும் அதிக நாள் இல்லை என்றுதான் சொன்னார். எனக்கு அது ஆறுதலாக இல்லை.

அப்பாவின் சொற்களை அடையாளம் கண்டு எழுதித் தந்த அந்த உதவியாளருக்கும், வார்டில் அவரைப் பக்குவமாகப் பார்த்த எல்லோருக்கும், கிரியைகளை முன்நின்று நடத்திய குருக்களுக்கும், ஒரு மாதம் எங்கள் வீட்டில் அடுப்பு மூட்டவிடாமல் சாப்பாடு கொண்டுவந்த அயலவர்களுக்கும், பிளேஸ்டோவிலிருந்தும் ஹரோவிலிருந்தும் வந்து தோள் கொடுத்த உறவினர்களுக்கும், இறுதிச் சடங்கில் பூவோடு வந்து நின்ற கடையின் போலிஷ் வாடிக்கையாளர்களுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி என்றும் இருக்கும்.

இனி என் வேண்டுகோள். அம்மாவின் கண் இப்போது அச்செழுத்தை வாசிக்க விடுவதில்லை. இன்று அந்தியேட்டி முடிந்து எல்லோரும் போனபின், "நீ அப்பாவைப் பற்றி எழுதினதை வாசி பிள்ளை" என்று கேட்பா. முழுவதையும் வாசித்தால், அப்பா தன்னைக் கேட்கவில்லை என்பது அம்மாவுக்குத் தெரிந்துவிடும். அந்தப் பகுதியை விட்டு வாசித்தால், ஒரு பொய்யை அம்மா இருக்கும்வரை நான் காப்பாற்ற வேண்டும். துணையை இழந்தவர்கள், பெற்றவரை இப்படி வழியனுப்பியவர்கள் உங்களில் பலர் இருக்கிறீர்கள். அம்மாவிடம் நீங்கள் எதுவும் பேச வேண்டாம். நான் இந்த மண்டபத்தின் பின்பக்கம், குழந்தையோடு இருப்பேன். வாசிப்பதா, விடுவதா என்று வீட்டுக்குப் போவதற்கு முன் யாராவது எனக்குச் சொல்லிவிட்டுப் போங்கள்.