அந்துளிக்கு ரிலீவர் இல்லை

அக்கா செய்த பிரபஞ்சத்தில் நட்சத்திரங்களுக்கு ஷிப்ட் உண்டு. சங்கு ஊதினால் ஒரு கூட்டம் இறங்கும், ஒரு கூட்டம் ஏறும். மராத்தி ஊரான நிக்டியில், ஆலைக்காரர்களின் குடியிருப்பில், மூன்று வேளையும் சங்குச் சத்தம் கேட்டே வளர்ந்த பெண்ணுக்கு வானம் வேறு எப்படி இருக்க முடியும்?

எல்லா நட்சத்திரங்களுக்கும் வெளியே, பிரபஞ்சம் முடிந்து வெறும் இருட்டு தொடங்கும் இடத்தில், கேட் அருகே ஒன்று மட்டும் தனியே நிற்கும். அதன் பெயர் அந்துளி. நகராது. கண் மூடாது. நகர்ந்தால் வெளியிருட்டு உள்ளே புகுந்துவிடும். ஆகவே அடுத்தவர் வந்து தோளைத் தொடும்வரை அது போகக் கூடாது. அந்த அடுத்தவர் வரவேயில்லை. அந்துளிக்கும் வீடு இருந்தது, பிள்ளைகள் இருந்தார்கள், வாசலைப் பார்த்துப் பார்த்தே அவர்கள் கிழடுதட்டிச் செத்தும்போனார்கள். போர்வைக்குள் என் காதோரம் அக்கா இதைச் சொல்லுவாள். ஏன் வரவில்லை என்று கேட்டால், "வரலன்னா வரல" என்பாள். காரணம் இல்லாத அந்தப் பதிலைக் கேட்டதும், ஏழு வயது நான் அவள் கையை இறுகப் பிடித்துக்கொள்வேன்.

அப்பா பக்கத்து ஆகுர்டியில் ஒரு மோட்டார் ஆலையில் உலை பார்த்தார். எரிகிற உலையை ஆளில்லாமல் விட்டு வர முடியாது. மாற்றிவிட அடுத்த ஷிப்ட்காரர், அதாவது ரிலீவர், வந்து நின்ற பிறகுதான் கையுறையைக் கழற்றலாம். அந்துளி எங்கிருந்து வந்தது என்று இப்போது தெரிகிறது. அப்போது நான் நினைத்தது தலைகீழாக: முதலில் அந்துளி இருந்தது, ஆலையும் அப்பாவும் அதைப் பார்த்துப் பிறகு உண்டானார்கள்.

அது ஒரு ஞாயிற்றுக்கிழமை. எங்கள் பக்கத்தில் ஞாயிறு பள்ளிக்கு மட்டுந்தான் விடுமுறை, ஆலைகளுக்கு வியாழன். ராத்திரி ஷிப்ட் முடிந்தவர்களை இறக்கிவிட்டுக் கம்பெனி பஸ் போயிற்று. அப்பா இறங்கவில்லை. மாடியிலிருந்து எட்டிப் பார்த்த அம்மாவிடம் கீழே நின்ற ஒருவர் கையை ஆட்டி ஏதோ கத்திச் சொன்னார்.

"அப்பா டபுள் ஷிப்ட் போடுதாங்களாம். ரிலீவர் வரலையாம்," என்று சொல்லிவிட்டு அம்மா தோசைக்கல்லைப் பார்க்கப் போனாள்.

ரிலீவர் வரவில்லை. நான் அக்காவைப் பார்த்தேன். அவள் என்னைப் பார்க்கவில்லை.

"அக்கா, அந்துளி மாதிரியா?"

"ஏட்டி, வாய மூடிக்கிட்டுத் தின்னு."

அவள் தட்டில் தோசை அப்படியே இருந்தது.

பயம் இருட்டில் வரும் என்பார்கள். எனக்கு அது வெயிலில் வந்தது, கொடியில் துணி காயும்போது, பக்கத்து வீட்டு டிவியில் யாரோ சிரித்துக்கொண்டிருக்கும்போது. அப்பா நிற்கிறார். உலை முன்னால் நிற்கிறார். கண் மூடாமல் நிற்கிறார். நான் வளர்வேன், எனக்குப் பல் விழும், முடி நரைக்கும், அப்போதும் நிற்பார். நண்பகலுக்குச் சற்று முன்னால் எதிர்வீட்டு மராத்திக்காரச் சித்தி, எங்கள் காகூ, வந்து அம்மாவிடம் தணிந்த குரலில் பேசினாள். அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். என்னைக் கண்டதும் இருவரும் பேச்சை நிறுத்திவிட்டார்கள். எனக்கு உறுதியாகிவிட்டது. அப்பா இனி வரமாட்டார், பெரியவர்களுக்கு அது தெரியும், சொல்லத்தான் பயப்படுகிறார்கள்.

தோளைத் தொட ஒரு ஆள் வேண்டும். யாரும் கிளம்புவதாகத் தெரியவில்லை.

இரண்டாவது ஷிப்டுக்கான பஸ் தெருமுனையில் வந்து நின்றபோது நான் ஏறிவிட்டேன். கவுனுக்கு மேல் அப்பாவின் பழைய காக்கிச் சட்டை, கணுக்கால்வரை தொங்கியது. பஸ் முழுக்கச் சிரிப்பு.

"காய் க, டூட்டீலா நிகாலீஸ் கா?" என்றார் முன்னிருக்கைக்காரர். வேலைக்குக் கிளம்பிவிட்டாயா என்கிற கேலி.

"நம்ம சூப்பர்வைசரம்மா வந்தாச்சு, எந்திரிச்சு எடம் குடுங்கப்பா," என்று பின்னாலிருந்து ஒரு தமிழ்க் குரல்.

நான் அழாமல் சொன்னேன். எங்கப்பாவோட ரிலீவர் வரல. உலைகிட்டயே நிக்காங்க. அதான் நான் போறேன்.

சிரிப்பு நின்றது. டேப்பில் ஓடிய பாட்டை ஓட்டுநர் அணைத்தார். முன்னிருக்கைக்காரர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். இவர்களுக்கும் அந்துளியைத் தெரியும் என்று நினைத்தேன். அந்தத் தமிழ்க்காரர் எழுந்து வந்து என் முன்னால் குந்தினார்.

"பாப்பா, இன்னிக்கு அங்க நான்தான் நிக்கப்போறேன். போன ஒடனே அப்பாவ அனுப்பி வச்சிடறேன். நீ இறங்கு கண்ணு."

எனக்கு நம்பிக்கை வரவில்லை. ஆனாலும் அவர் தோளை அழுத்தித் தொட்டுவிட்டு இறங்கினேன். அங்கே போய் எப்படித் தொட வேண்டும் என்று அவருக்குத் தெரிய வேண்டுமே.

அப்பா சாயங்கால வெயிலோடு வந்தார். ஓடிப்போய்க் காலைக் கட்டிக்கொண்டேன். பூட்ஸைக் கழற்றாமல் வாசற்படியிலேயே உட்கார்ந்தார்.

"என்னய மாத்த வந்தவன், ரோட்டத் தாண்டிட்டாம்னா கேட்டு. லாரிக்காரன் பாக்கல," என்றார் அம்மாவிடம். கொஞ்சம் பொறுத்து, "எங்க போய்த் தொலஞ்சாம்னு ஏசிக்கிட்டே நின்னுருக்கேன் பாத்துக்கோ. வந்து சொல்லுத வரைக்கும் ஏசிக்கிட்டே நின்னுருக்கேன்."

எல்லாம் என் காதில் விழுந்தது. ஒன்றும் உள்ளே இறங்கவில்லை. அப்பா வந்துவிட்டார்! நான் கூடத்தில் காக்கிச் சட்டையைத் தரையில் இழுத்துக்கொண்டு சுற்றிச் சுற்றி வந்தேன். அக்கா சுவரோரம் முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். கூப்பிட்டும் ஆட வரவில்லை.

அம்மா பெரிய பாத்திரத்தில் சோறு வடித்தாள், பருப்பு கடைந்தாள், உருளைக்கிழங்கு பொரித்தாள். நான் தட்டோடு போய் நின்றபோது அத்தனையையும் தூக்குச்சட்டிகளில் அடைத்துக்கொண்டிருந்தாள். அடுத்த தெருவில் ஒரு வீட்டுக்காம்.

"அது எங்கப்பாவுக்கு," என்று தூக்கைப் பிடித்து இழுத்தேன்.

"விடுட்டி. அவுக வீட்டுல இன்னிக்கு அடுப்புப் பத்த வைக்க மாட்டாக."

"ஏம்மா, கேஸ் தீந்துபோச்சா?" என்று கேட்டேன். நம்ம வீட்டில்தான் இன்னொரு சிலிண்டர் இருக்கிறதே, அதைக் கொடுத்தால் அவர்களே சமைத்துக்கொள்வார்களே என்றும் சொன்னேன்.