வர வேண்டாம் என்று ஓர் அட்டை

மகளுக்குக் காது குத்த வெள்ளிக்கிழமை நாள் குறித்திருந்தோம். அதற்கு முந்தைய திங்கட்கிழமை காலையில், குளிப்பாட்டுவதற்காகச் சட்டையைக் கழற்றியபோது அவள் முதுகில் மூன்று கொப்புளங்களைப் பார்த்தேன்.

எழுபதுகளின் கடைசி அது. பெரிய அம்மை ஒழிந்துவிட்டது என்று அரசாங்கமே சொல்லியாகிவிட்டது. பள்ளியிறுதி வரை படித்த நான் அதை நம்பியும் இருந்தேன். ஆனால் அந்த முதுகைப் பார்த்த நிமிடத்தில் படித்தது எதுவும் துணைக்கு வரவில்லை. பக்கத்து வீட்டு அக்காவைக் கூப்பிட்டேன்.

ஆரணியில் பட்டு நெய்கிறவர்களின் தெருவில் குடியிருந்தோம். என் கணவர் பள்ளிக்கூட ஆசிரியர் என்பதால் தெருவில் எங்கள் வீட்டில் மட்டும்தான் தறி இல்லை. அக்கா தறிக்கு நூல் சுற்றிக்கொண்டிருந்த கையோடு வந்தாள். குழந்தையின் முதுகைப் பார்த்தவள் தொடவில்லை, கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

"அம்மா வந்துகிறா. இன்னாத்துக்கு அழுவுற? வந்தவ பத்து நாள் இருந்துட்டுப் போவா. வூட்டுல தாளிக்காதே, தலை வாராதே. வேற ஒண்ணும் வாணாம்."

அரை மணி நேரத்தில் எங்கள் நிலைப்படியின் மேல் வேப்பிலைக் கொத்து செருகியிருந்தது. கணவர் ஆஸ்பத்திரிக்குப் போய்க் கேட்டுவந்தார். சின்னம்மைதான், கூட்டம் சேர்க்க வேண்டாம், கண்ணருகே கொப்புளம் வந்தால் மட்டும் உடனே தூக்கிவாருங்கள் என்றாராம் டாக்டர். அந்தக் கடைசி வார்த்தை என்னைப் பிடித்துக்கொண்டது. நாளுக்கு நூறு தடவை அவள் இமையைப் பார்த்தேன்.

இதற்கு நடுவில் இன்னொரு பயம். முந்தின வாரம்தான் குங்குமச் சிமிழோடு இருபத்தாறு வீடு ஏறி அழைத்திருந்தேன். தெரு எங்களுக்காக ஒரு காரியமும் செய்திருந்தது. விடிந்ததும் தெரு நீளத்துக்குப் பட்டு இழைகளை இழுத்துக்கட்டிப் பாவு போடுவார்கள். ஏழெட்டு பேர் இருபுறமும் நின்று இழை இழையாகச் சரிபார்ப்பார்கள். வெயில் ஏறுவதற்குள் சுருட்டிவிட வேண்டும். அந்த வெள்ளிக்கிழமை மட்டும் பாவு போடுவதில்லை, எங்கள் பந்தலுக்கு வழி விடுவது என்று அவர்களாகவே பேசி முடித்திருந்தார்கள். அப்படிப்பட்டவர்களிடம் வர வேண்டாம் என்று எந்த வாயால் சொல்வது? அம்மை வந்த வீட்டிலிருந்து நான் இன்னொரு வீட்டு வாசலை மிதிக்கவும் கூடாது.

எனக்குத் தெரிந்தது எழுத்து. குழந்தையை வாழையிலையில் கிடத்திவிட்டு இருபத்தாறு சீட்டு எழுதினேன். "மன்னிக்கவும்" என்று ஆரம்பித்தால் ஏதோ குற்றம் செய்ததுபோல் இருந்தது. "வருந்துகிறோம்" என்றால் துக்கச் செய்தி மாதிரி. நான்கு தடவை கிழித்துப் போட்டேன். கணவர் சீட்டுகளை எடுத்துக்கொண்டு போனார். பத்தே நிமிடத்தில் இருபத்தாறையும் திருப்பிக்கொண்டு வந்தார்.

"பக்கத்து வூட்டு அக்கா என்ன சொன்னாங்க தெரியுமா? 'இது எதுக்கு சார்? அவளே வாசல்ல எழுதி வெச்சிகிறாளே, அதுக்கு மேல உங்க எழுத்தா?'ன்னாங்க."

எழுந்து போய்க் கதவிடுக்கில் பார்த்தேன். எங்கள் வாசலை நெருங்கிய ஒவ்வொருவரும் வேப்பிலையைக் கண்டதும் செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டார்கள். சத்தமாகப் பேசிக்கொண்டு வந்தவர்கள் குரலைத் தணித்தார்கள். எங்கள் வீட்டைத் தாண்டிய பிறகுதான் மறுபடி செருப்பு, மறுபடி பேச்சு. நான் நான்கு தடவை கிழித்தும் சொல்ல முடியாததை ஒரு கொத்து இலை சொல்லிவிட்டிருந்தது. யாரும் மனம் கோணவில்லை.

ஆனால் அதற்குள் ஓர் அட்டை தபால்பெட்டிக்குள் போய்விட்டிருந்தது. தேவிகாபுரத்தில் இருந்த என் அண்ணனுக்கு எழுதியது. தாய்மாமன் மடியில் உட்காரவைத்துத்தான் காது குத்த வேண்டும். அண்ணிக்கு அப்போது எட்டாம் மாதம். அம்மை என்று எழுதினால் அவள் பயந்துவிடுவாள் என்று நினைத்தேன். அதனால் இப்படி எழுதினேன்: "எதிர்பாராத காரணத்தால் விசேஷம் நின்றுவிட்டது. யாரும் புறப்பட வேண்டாம். மற்றவை நேரில்." நல்ல செய்தி என்றால் அட்டையின் மூலைகளில் மஞ்சள் தடவுவோம். இது நல்ல செய்தி இல்லையே என்று யோசித்து யோசித்து, மஞ்சளைத் தொட்ட விரலைத் துடைத்துவிட்டேன்.

வெள்ளிக்கிழமை விடிந்தது. அன்று பாவு போடுவார்கள் என்றுதான் எதிர்பார்த்தேன். பந்தல்தான் இல்லையே. போடவில்லை. குழந்தை தூங்கும் வீட்டின் முன்னால் அத்தனை பேர் நின்று கத்தக் கூடாதென்று ஏரிப் பக்கத்துக்குக் கொண்டு போய்விட்டார்கள். இரண்டு பக்கத்து வீட்டுத் தறிகளும் ஓடவில்லை. இந்தத் தெருவுக்கு வாழ வந்து மூன்று வருடத்தில் இப்படி ஓர் அமைதியை நான் கேட்டதில்லை. தெரு முழுக்க யாருக்காகவோ ஒதுங்கி நிற்பதுபோல் இருந்தது. என் குழந்தை வாழையிலையில் புரண்டு படுத்த சத்தம் எனக்குக் கேட்டது.

அந்த வெறுந்தெருவில் அண்ணன் வந்தார். முதல் பஸ். முகம் மழிக்கவில்லை, குளித்திருக்கவும் இல்லை. தோளில் துண்டு. கையில் வாழையிலையில் சுற்றிய மாலை.

எங்கே போனாலும் ஊரைக் கூட்டிச் சிரிக்கிற மனிதர். தெருவில் பாதி வரை நடந்தவர் நின்றுவிட்டார். விசேஷ நாளில் பந்தல் இல்லை, ஆள் இல்லை, தறிச் சத்தம்கூட இல்லை. நான் ஓடிப் போய் நிலைப்படிக்குள் நின்றேன். என்னைப் பார்த்தார். என் தலை வாராத தலை.

"மற்றவை நேரில்னு எழுதிகிற," என்றார். "யாருன்னு எழுதாம வுட்டுட்டியேம்மா."

எனக்கு அப்போதுதான் புரிந்தது. மஞ்சள் இல்லாத அட்டையைச் சாவுச் செய்தியாகப் படித்து, போனது என் கணவரா, குழந்தையா என்று தெரியாமலே பஸ்ஸில் உட்கார்ந்து வந்திருக்கிறார். பஸ் ஸ்டாண்டில் இறங்கி, யாருக்கென்று தெரியாமலே ஒரு மாலையும் வாங்கியிருக்கிறார். அந்த மாலை என் வாசலுக்கு நேரே வந்து நிற்கிறது. வாயைத் திறந்தால் என்ன சொல்லிவிடுவேனோ என்று பயந்து வேப்பிலையைக் கைகாட்டினேன்.

உள்ளேயிருந்து குழந்தை "தண்ணி" என்றது.

அண்ணன் நிமிர்ந்து வேப்பிலையைப் பார்த்தார். அங்கேயே தெருவில் உட்கார்ந்துவிட்டார். மாலை மடியில் கிடந்தது. அதை எங்கே வைப்பதென்று அவருக்கும் தெரியவில்லை. கீழே போடவும் முடியாது, எங்கள் வீட்டுக்குள் தரவும் முடியாது.

பக்கத்து வீட்டு அக்கா வெளியே வந்தாள். அண்ணனின் முகத்தையும் மாலையையும் ஒரு தடவை பார்த்தாள்.

"தாய்மாமனா? ஆத்தாளுக்கு மாலை வாங்கிகினு வந்தியா? நல்ல வேளை நைனா, வெள்ளிக்கிழமையும் அதுவுமா. குடு இப்படி. கெணத்துல ரெண்டு வாளி ஊத்திகினு ஜல்தியா வா, கோயிலுக்குப் போலாம்."

அண்ணன் அவள் பின்னால் போனார். ஈரத் துண்டோடு, தெருக்கோடி மாரியம்மன் கோயிலுக்கு அந்த மாலையைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்துக்கொண்டு நடந்ததைப் பார்த்தேன். அக்கா வீட்டிலேயே காபி குடித்தார். எங்கள் வீட்டுக்குள் வரவில்லை. போகும்போது சொல்லிக்கொள்ளவும் இல்லை. திரும்பி ஒரு தடவை குழந்தை படுத்திருந்த ஜன்னலைப் பார்த்துக் கும்பிட்டார். அவர் கும்பிட்டது என் மகளையா, அவளுக்குள் வந்திருந்தவளையா என்று எனக்குத் தெரியவில்லை. நானும் கும்பிட்டேன்.

கண்ணருகே கொப்புளம் வரவில்லை. அம்மை இறங்கி மூன்றாம் தண்ணீர் ஊற்றிய அன்று வேப்பிலையை எடுத்தேன். மனதில் கிடந்ததை அக்காவிடம் கேட்டேன்.

"அக்கா, அண்ணன் அந்த மாலையை எதுக்கு வாங்கினார்னு..."

"எனக்குத் தெரியாதா? குளிக்காத மூஞ்சிய பாத்தாலே தெரியாதா? வாங்கும்போது யாருக்குன்னு அவரு சொல்லல இல்ல? அப்ப எடுத்துக்கிறது அவ இஷ்டம்."

"மறுபடியும் எல்லா வீட்டுக்கும் போய் அழைக்கணுமே..."

"எத்தினி தபா கூப்புடுவே? வரவாணாம்னு நீயா சொன்னே? அவ சொன்னா, நின்னோம். இப்ப அவ எறங்கிட்டா. எந்த நாளுன்னு மட்டும் சொல்லும்மா, அன்னிக்கு பாவு போடாம வெக்கணும்."

அண்ணனுக்கு மட்டும் எழுதினேன். நான்கு மூலையிலும் தடவிய மஞ்சள் விலாசத்தையே பாதி மறைத்துவிட்டது. தபால்காரருக்குப் புரியுமோ புரியாதோ என்று இரண்டு நாள் தூங்கவில்லை.

வந்தார். ஊரே கேட்கச் சிரித்துக்கொண்டு வந்தார். மடியில் அவளை உட்காரவைத்தபோது மட்டும் சிரிப்பு நின்றது. இடது காது மடலில், சரியாகத் துளை போட வேண்டிய இடத்தில், ஆறிய அம்மைத் தழும்பு ஒன்று இருந்தது. ஆசாரி ஊசியை வைத்துவிட்டு எடுத்தார். "இது அவ தொட்ட எடம்," என்றார் அண்ணன். ஆசாரி தலையாட்டிவிட்டு ஓர் எள்ளளவு மேலே தள்ளிக் குத்தினார்.

இப்போது பள்ளிக்கூடம் போகிறாள். காலையில் தலை பின்னும்போது பார்ப்பேன். வலது தோட்டைவிட இடது தோடு கொஞ்சம் மேலே இருக்கும். "ஏம்மா கோணலா இருக்கு?" என்று கண்ணாடியைப் பார்த்துக்கொண்டே கேட்பாள். அந்த இடத்துக்கு நகை போடக் கூடாது என்று மட்டும் சொல்லி, ரிப்பனைக் கட்டிவிடுவேன்.