மேயருக்கு அப்பா கொடுத்த குரல்

அப்பாவுக்கு ஸ்ட்ரோக் வந்து பதினோரு நாள் ஆகிறது. ஆஸ்பத்திரி அறையில் டிவி சத்தமில்லாமல் ஓடிக்கொண்டிருந்தது. அதில் யாரோ வாயை மட்டும் அசைப்பதைப் பார்த்ததும் எங்கள் பழைய பிரிட்ஜ்வாட்டர் அப்பார்ட்மென்ட் ஞாபகம் வந்துவிட்டது.

தொண்ணூற்றாறில் எனக்கு எட்டு வயது. அம்மாவுக்கு இங்கிலீஷ் படம் புரியாது, எனக்குத் தமிழ்ப் படம் பிடிக்காது. அதனால் அப்பா லைப்ரரியிலிருந்து ஊமைப்பட கேசட்டாகத் தேடி எடுத்து வருவார். ஒரு சனிக்கிழமை கிடைத்தது பழைய ஜெர்மன் காமெடி. நடுநடுவே வந்த எழுத்தும் ஜெர்மன்தான். அப்பா அசரவில்லை.

சின்ன ஊர் மேயர் ஒருவர் மந்திரியை வரவேற்கப் பூச்செண்டோடு ஸ்டேஷனில் நிற்கிறார். ரயில் நிற்காமலே போகிறது.

"ஏனுங்க, ஒரு எட்டு எறங்கி காப்பியாச்சும் குடிச்சுப்போட்டுப் போங்க" என்று பொள்ளாச்சித் தமிழில் அப்பா அவருக்குக் குரல் கொடுத்தார். அம்மா கார்ப்பெட்டில் சாய்ந்து, கண்ணில் நீர் வரச் சிரித்தாள்.

"அகெய்ன், அப்பா" என்றேன்.

ரீவைண்ட் பண்ணினார். இந்தத் தடவை மேயர், "இந்தப் பூவ நான் ஆருக்குங்க குடுக்கறது?" என்றார்.

இப்போது ஆஸ்பத்திரிக் கட்டிலில் அப்பா என்னைப் பார்த்து வாயைத் திறந்தார். உதடு அசைந்தது, சத்தம் வரவில்லை.

"என்ன கேக்கறாருன்னு உனக்காச்சும் தெரியுதா, கண்ணு?" என்றாள் அம்மா.

தண்ணீரா, வலியா, வீட்டுக்குப் போகணுமா என்று ஒவ்வொன்றாகக் கேட்டேன். எல்லாவற்றுக்கும் இல்லை என்று தலையசைத்தார். அந்த மேயருக்கு எந்த வசனமும் பொருந்தியது. அப்பாவுக்கு நான் கொடுத்த ஒன்றுகூடப் பொருந்தவில்லை.

அப்பா பொறுமையாக மறுபடியும் வாயைத் திறந்தார்.