சொந்த விருப்பத்தின் பேரில்

இருபது வருடம் நான் வேலை பார்த்ததே இல்லை என்று ஒரு பட்டியல் சொன்னது. எங்கள் அலுவலக நோட்டீஸ் போர்டில் ஒட்டியிருந்த பணிமூப்புப் பட்டியல் அது. அடுத்து யாருக்குப் பதவி உயர்வு என்பதை அந்த வரிசைதான் முடிவு செய்யும். மேலிருந்து என் பெயரைத் தேடிக்கொண்டே வந்தேன். கீழிருந்து தேடியிருந்தால் உடனே கிடைத்திருக்கும். எனக்குக் கீழே டைப் அடித்தவரின் சுருக்கொப்பம் மட்டும்தான் இருந்தது.

எனக்கு ஊர் ஏற்காட்டு மலையில் மாரமங்கலம். பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகத் தொடங்கிய பிறகு தேர்வு எழுதி, நாற்றுப்பண்ணைகளைக் கவனிக்கும் ஒரு சிறிய அரசு அலுவலகத்தில் இளநிலை உதவியாளராகச் சேர்ந்தேன். சின்னத் துறை. மேலே ஓர் இடம் காலியானால்தான் நகர முடியும், காலியாகவே இல்லை. மலைக்குப் போஸ்டிங் என்றாலே கீழ்நாட்டுக்காரர்களுக்குக் காய்ச்சல் வந்துவிடும். சிபாரிசு பிடித்துப் பதவியோடு கீழே இறங்கிவிடுவார்கள். அவர்கள் நாற்காலியின் வேலையும் என் தலையில்தான் விழும். அப்படியே இருபது வருடம் ஓடியது. போன வருடம் அந்த அலுவலகத்தையே மூடினார்கள். மூடச் சொல்லி நான் கேட்கவில்லை. 'நிர்வாக நலன் கருதி' என்று உத்தரவு போட்டு, ஏற்காட்டிலேயே வேறு துறைக்கு என்னை அனுப்பினார்கள்.

புதிய அலுவலகத்தில் சேர்ந்த அன்று சாயங்காலம் சூப்பரின்டெண்ட் தன் மேசை டிராயரிலிருந்து ஒரு தாளை எடுத்து நீட்டினார். வேறு துறையிலிருந்து யார் வந்தாலும் நீட்டுவதற்கென்றே ஜெராக்ஸ் போட்டு ஒரு கட்டு வைத்திருந்தார். பெயருக்கும் தேதிக்கும் மட்டும் இடம் விட்டிருந்தது.

"ஒரு கையெழுத்துப் போட்டுருங்கம்மா. வர்றவங்க எல்லாரும் போடறதுதானுங்க. நாளைக்கு ஆடிட்ல கேள்வி வரக் கூடாது பாருங்க."

ஊருக்குப் பஸ் கிளம்பும் நேரம். போட்டுவிட்டேன். மனுவோடு வரும் விவசாயிகளிடம் இருபது வருடமாக, "படிச்சுப் பாத்துட்டுப் போடுங்க" என்று சொல்லிக்கொண்டிருந்த அதே நான்! நினைத்தால் இப்போதும் என்னையே இரண்டு அறை அறையலாம் போலிருக்கிறது. சொந்த விருப்பத்தின் பேரில் இந்தத் துறைக்கு வருகிறேன், பழைய பணிமூப்பைக் கோர மாட்டேன் என்பதுதான் அந்தத் தாளில் இருந்தது.

தானாகக் கேட்டுத் துறை மாறினால் புதிய இடத்தில் கடைசி ஆள். அரசாங்கமே மாற்றினால் பழைய மூப்பும் கூடவே வரும். ஓய்வுபெற எனக்கு இன்னும் நான்கு வருடம்தான் இருந்தது. கடைசி ஆளாகவே நின்றால், எந்தப் பதவியில் நுழைந்தேனோ அதே பதவியில் வீட்டுக்குப் போக வேண்டியதுதான். ஐம்பத்தாறு வயதில் என்ன இளநிலை? எரிந்தது எனக்கு.

பட்டியலில் எனக்கு நேர் மேலே இருந்த தம்பி, நான் வருவதற்கு ஒரு மாதம் முன்னால்தான் முதல்முதலாக வேலைக்குச் சேர்ந்தவர். "ஏனுங்கக்கா, எனக்கே நொம்பக் கூச்சமா இருக்குதுங்க" என்றார். வெட்கப்பட வேண்டியவர்கள் வேறு இடத்தில் டீ குடித்துக்கொண்டிருந்தார்கள்.

ஆட்சேபனை எழுதிக் கொடுத்தேன். "நீங்களே எழுதிக் குடுத்ததுதானுங்களேம்மா" என்று சிரித்தார் சூப்பரின்டெண்ட். என் கோப்பு எனக்குப் பத்தடி தூரத்தில் பீரோவில் இருந்தது. காட்ட மாட்டேன் என்றார். தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போட்டேன். என் காகிதத்தின் நகலை எனக்கே பதிவுத் தபாலில் மாரமங்கலத்துக்கு அனுப்பினார்கள்.

பிரித்து, மாற்றல் உத்தரவையும் என் கடிதத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். கடிதத்தின் தேதி உத்தரவுக்கு நான்கு நாள் பிந்தியது. அதாவது, என்னை மாற்றி நான்கு நாள் கழித்து எனக்கு மாற்றல் ஆசை வந்திருக்கிறது. தாலி கட்டி முடித்துவிட்டுப் பெண் பார்க்கப் போன கதை. இதைத்தான் ஒரு வருடமாக ஓர் அலுவலகமே கோப்பில் வைத்துக் கட்டிக் காத்தது!

இரண்டு நகல்களையும் எடுத்துக்கொண்டு சேலத்தில் மாவட்ட அதிகாரியைப் பார்த்தேன். தேதிகள் மேல் விரல் வைத்துக் காட்டினேன். அவர் இரண்டு முறை புரட்டிப் பார்த்துவிட்டு, "நீங்க சொல்றது சரிதாம்மா" என்றார். அவ்வளவு சுலபமாக ஒருவர் வாயால் சொல்லக்கூடிய ஒன்றுக்கு நான் எத்தனை இரவு தூங்காமல் கிடந்தேன்.

இரண்டு மாதத்தில் மூப்பு திரும்பி வந்தது. கூடவே உதவியாளர் பதவியும். ஆனால் மலையில் இல்லை, மாவட்டத்தின் கடைக்கோடி அலுவலகம் ஒன்றில். குப்பனூர் வழியாக இறங்கி இன்னும் இரண்டு பஸ் மாற வேண்டும். ஏற்காட்டிலேயே ஓர் உதவியாளர் இடம் காலியாகக் கிடந்தது எல்லோருக்கும் தெரியும்.

உத்தரவு வந்த அன்று மதியமே சூப்பரின்டெண்ட் என் மேசைக்கு வந்தார். இந்த முறை குரலில் தேன்.

"எதுக்குங்கம்மா இந்த வயசுல அலைச்சல்? ஊடு, காப்பித் தோட்டம் எல்லாம் இங்கதான இருக்குது. பதவி உயர்வு வேண்டாம்னு ஒரு வரி எழுதிக் குடுத்துட்டா நிம்மதியா இருக்கலாமுங்க. நானே டைப் அடிச்சுக் கொண்டாந்துட்டேன்."

நான் வேண்டாம் என்றால் மறுபடியும் வரிசையின் அடிக்குப் போவேன். அதுவும் இந்த முறை உண்மையாகவே என் விருப்பத்தின் பேரில். அந்தத் தாளை அவர் பக்கமே தள்ளிவிட்டேன்.

"ரிலீவிங் ஆர்டரை டைப் அடிங்க சார். நாளைக்குக் காலைல போய்ச் சேரோணும்."

"கோவமா போறீங்களேம்மா."

"ஆமாங்க, கோவந்தானுங்க. சந்தோசமாப் போற மாதிரியா அனுப்பறீங்க?"

அவர் தன் மேசைக்குத் திரும்பிப் போனார். ஆர்டர் வரும்வரை நான் அந்த மேசை முன்னால் நின்றுகொண்டே இருந்தேன்.