‘பீப்’ சத்தத்துக்கு ஒரு சாட்சி

புதுக் கணினியைத் திறந்தால் வீணையைத் தடவியதுபோல ஓர் ஒலி. வல்லுநர்கள் மாதக்கணக்காக யோசித்து அமைத்ததாம். ஐம்பது வயதிலும் நான் எழுந்துபோய் யன்னலைச் சாத்துகிறேன்.

எண்பதுகளின் நடுவில், கொடிகாமத்தில், அண்ணை வாங்கிவந்த கணினி உயிர்பெறும்போது ‘பீப்’ என்று ஒருமுறை கத்தும். முதல்நாள் அதைக் கேட்டதும், வேலிக்கு அப்பால் நின்ற பக்கத்து வீட்டுப் பொன்னையா மாமாவின் முகம் மாறியது.

“தம்பி, உது ஆருக்குச் செய்தி அனுப்புது?”

அம்மா அண்ணையை உள்ளே இழுத்தார். சண்டைக் காலம்; வோக்கிடோக்கி என்று கதை பரவினால் ஆமிக்காரர் அண்ணையைப் பிடித்துக்கொண்டு போய்விடுவார்கள்.

“முதல்ல உதின்ரை வாயை அடையடா!”

அண்ணை பெட்டியைக் கழற்றி, சத்தம் வரும் வயரை வெட்டினார்.

மறுநாள் மாமா வீட்டுக்கே வந்துவிட்டார்.

“சத்தத்தைக் காணேல்லை. இப்ப களவாய் அனுப்புறியளோ?”

அன்றே வயரை முறுக்கி ஒட்டினோம். அதன்பிறகு மாமாவைக் கூப்பிட்டுக் கதிரையில் இருத்திய பிறகுதான் அண்ணை கணினியைப் போடுவார். மாமா காதைக் கூர்மையாக்கிக் கேட்பார்.

“ஒண்டுதான். சரி, நான் வாறன்.”