கட்டைவிரல் பாடம்

எனக்குக் கோபம் மூக்கின் நுனியில் இருக்கும். நாக்கு அதற்கும் முன்னால் நிற்கும். இந்த இரண்டையும் வைத்துக்கொண்டுதான் மடுல்சீமைப் பக்கத்துத் தோட்டப் பாடசாலை ஒன்றுக்கு வரலாறு கற்பிக்கப் போனேன். பதுளையில் காலை பஸ் ஏறி, அது திரும்புகிற இடத்தில் இறங்கி, தேயிலைக்கு நடுவே முக்கால் மணி நேரம் மேலே நடக்க வேண்டும். போய்ச் சேர்ந்து இரண்டு மாதம் ஆகியிருக்கவில்லை. பிள்ளைகளின் பெயர்கள் தெரியும், வீடுகள் தெரியாது.

ஆறாம் தரத்துக்கு ஆதிமனிதனைப் பற்றிய பாடம் வந்தது. முன்பு இருந்த பாடசாலையில் இதை நடத்தியபோது, குரங்கு ஒருநாள் காலையில் எழுந்து மனிதனாகிவிட்டது என்று பாதிப் பேர் பரீட்சையில் எழுதிவைத்திருந்தார்கள். அதனால் இம்முறை எச்சரிக்கையாகத் தொடங்கினேன். "குரங்கு நமக்குப் பாட்டன் இல்லை. தூரத்துப் பங்காளி. நம் இரண்டு பேருக்கும் பொதுவாக ஒரு பாட்டன் எப்போதோ இருந்தான்" என்றேன். முன்வரிசையில் இருந்த ஒருத்தி கையை உயர்த்தினாள். "அப்ப கல்யாணம் காட்சின்னா அதுங்களுக்கும் சொல்லி அனுப்பணுமா டீச்சர்?"

அந்த வகுப்பின் வாயாடி அவள்தான், கெட்டிக்காரியும் அவள்தான். கேள்வி கேட்காமல் ஒரு பாடத்தையும் முடிக்கவிட மாட்டாள். எனக்கு அவளை மிகவும் பிடிக்கும்.

அடுத்தது கை. நம் நாட்டு ஆதிமனிதனான பலாங்கொடை மனிதன் வெள்ளைக் கல்லைச் சின்னச் சின்னதாகச் செதுக்கி ஆயுதம் செய்தான் என்று சொல்லிவிட்டு, ஒரு பிளாஸ்டர் சுருளை எடுத்தேன். எல்லாருடைய வலது கட்டைவிரலையும் உள்ளங்கையோடு சேர்த்து ஒட்டினேன். பிறகு அந்தக் கையாலேயே போத்தல் மூடியைத் திற, பென்சில் சீவு, தரையில் கிடக்கும் புளியங்கொட்டையைப் பொறுக்கு என்றேன். ஒருவராலும் முடியவில்லை. வகுப்பு சந்தையாகிவிட்டது. பாடம் நன்றாகப் போகிற குஷியில் எனக்கும் தலை கால் புரியவில்லை. "பார்த்தீர்களா? இந்த ஒரு விரல் இல்லாவிட்டால் நாமும் குரங்கோடு குரங்காக மரத்தில்தான் இருந்திருப்போம்!" என்றேன்.

பின்வரிசை வாங்கில் இருந்து ஒரு பையன் முன்வரிசையைக் காட்டிச் சத்தமாகச் சொன்னான். "அப்ப இவ அப்பா மரத்துல ஏற வேண்டியதுதான்!"

வகுப்பு விழுந்து விழுந்து சிரித்தது. எதற்கென்று தெரியாமல் நானும் சேர்ந்து சிரித்தேன்.

அது வெள்ளிக்கிழமை. திங்கட்கிழமை அந்த வாயாடி வரவில்லை. செவ்வாயும் வரவில்லை. காய்ச்சலா என்று பக்கத்துப் பிள்ளையிடம் கேட்டேன். அவள் நிலத்தைப் பார்த்துக்கொண்டு விஷயத்தைச் சொன்னாள். வராதவளின் அப்பாவுக்கு வலது கையில் கட்டைவிரல் இல்லை. தொழிற்சாலையில் கொழுந்து அரைக்கிற இயந்திரத்தில் சிக்கி, அடியோடு போய்விட்டது. அது தோட்டம் முழுக்கத் தெரிந்த கதை, எனக்கு மட்டும் தெரியாத கதை.

நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். நுணல் கெட்டால் அதோடு போயிற்று, இங்கே என் வாயால் ஒரு பிள்ளை அல்லவா கெடப்போகிறது! ஒரு வாரம் தொடர்ந்து வராத பிள்ளை பிறகு திரும்புவது கடினம். அங்கே படிப்பிக்கிற எல்லாருக்கும் அது தெரியும். முதலில் வீட்டில் தம்பியைப் பார்த்துக்கொள்ளும், பிறகு கொழும்புக்கு வீட்டு வேலைக்குப் போய் யாரோ ஒருவருடைய தம்பியைப் பார்த்துக்கொள்ளும். அன்று பாடசாலை விட்டதும் நேரே அவர்கள் குடியிருக்கும் லயத்துக்குப் போனேன்.

வாசலில் அப்பாதான் இருந்தார். முப்பத்தைந்து வயது இருக்கும், மெலிந்த மனிதர். "வாங்க டீச்சர், உள்ள வாங்க. கொழுந்து எடுக்கப் போன சம்சாரம் இன்னும் மலையிலருந்து வரல. சாயத்தண்ணி குடிக்கிறீங்களா?" என்று கேட்டு, என் பதிலுக்குக் காத்திராமல் தானே தேநீர் ஊற்றினார். ஆள்காட்டி விரலுக்கும் நடுவிரலுக்கும் இடையில் கோப்பையின் காதைச் செருகிப் பிடித்து, ஒரு சொட்டுச் சிந்தாமல் நீட்டினார். அந்தக் கையைப் பார்க்காமல் இருக்க நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும்.

மன்னிப்புக் கேட்டேன். எனக்குத் தெரியாது என்றேன், அந்தப் பையனை உண்டு இல்லை என்று பண்ணிவிடுகிறேன் என்றேன். உள்ளேயிருந்து மகளின் குரல் வந்தது, முகம் வரவில்லை.

"டீச்சருந்தான் சிரிச்சாங்க."

தேநீர்க் கோப்பையை எங்கே வைப்பதென்று தெரியாமல் கையிலேயே வைத்திருந்தேன்.

அப்பாதான் என்னைக் காப்பாற்றினார். "பையன விடுங்க டீச்சர், சின்னப் புள்ள. ஆனா ஒண்ணு சொல்லணும், கோவிச்சுக்காதீங்க. குரங்குக்கும் கட்டைவிரல் இருக்குங்க. விபத்துக்கப்புறம் மரக்கறித் தோட்டத்துக்குத்தான் என்னைய வாச்சராப் போட்டிருக்காங்க. தினம் பாக்குறேன். நம்மளோடத விடக் கட்டை, அம்புட்டுத்தான். அத வச்சுத்தான் எங்க போஞ்சிக்காய் எல்லாத்தையும் புடுங்கிட்டுப் போகுது."

படித்துப் பட்டம் வாங்கிய நான் சொன்னது பிழை, அவர் சொன்னதுதான் சரி. குரங்குக்கும் கட்டைவிரல் உண்டு. நம்முடையது நீளம், எல்லா விரல் நுனியையும் தொடும். வித்தியாசம் அவ்வளவே. வகுப்பைச் சிரிக்கவைக்கும் ஆசையில் நான் அதை விழுங்கிவிட்டிருந்தேன். அவரிடம் வேறொன்றைச் சொன்னேன். எங்கோ ஒரு குகையில் மிகப் பழைய எலும்புக்கூடு ஒன்று கிடைத்தது, ஒரு முன்கையே இல்லாதவன், ஆனாலும் காயம் ஆறி, அதற்குப் பிறகு பல வருடம் வாழ்ந்திருக்கிறான், அந்தக் காலத்தில்கூட அவனைக் கூட்டத்தார் கைவிடவில்லை என்றேன்.

"அவனுக்குக் காலைல பெரட்டு இல்லையே டீச்சர்" என்று சிரித்தார். ஆறு மணிக்குப் பெரட்டுக்களத்தில் வேலைக்குப் பெயர் கொடுப்பவருக்கு அது நியாயமான சந்தேகம்தான். பிறகு குரலைத் தாழ்த்தினார். "இவ வர மாட்டேங்கிறா. அடிச்சு அனுப்ப எனக்கு மனசு வராது. நாளைக்கு நான் வர்றேன்."

சொன்னபடி மறுநாள் முதற்பாடத்துக்கு வந்து நின்றார், தனியாக. கோயிலுக்குப் போடுகிற முழுக்கை வெள்ளைச் சட்டை. பின்வரிசைப் பையன் மேசைக்கடியில் போய்விடுவான் போலிருந்தது. அவர் அவனைத்தான் முதலில் கூப்பிட்டார். "வாடா தம்பி, விரல ஒட்டிக்க. என்னோட போட்டிக்கு வா."

எல்லாரும் விரலை ஒட்டிக்கொண்டார்கள், நானும்தான். போத்தல் மூடியை அவர் இரண்டு விரலுக்கு நடுவே கொடுத்து ஒரே திருகில் திறந்தார். பென்சில் சீவினார். பீடி பிடிப்பது போலப் புளியங்கொட்டைகளை ஒவ்வொன்றாகப் பொறுக்கினார். நான் மூன்றாவதைப் பொறுக்குவதற்குள் அவர் முடித்துவிட்டார். "ஆறு வருசப் பழக்கம்டா" என்றார். பிள்ளைகள் மேசையைத் தட்டினார்கள். பையன் வாயைப் பிளந்து பார்த்தான். "உங்களுக்கு முடியாததே இல்லையா மாமா?" என்று கேட்டான்.

"இருக்கே" என்று இடது கையைத் தூக்கிக் காட்டினார். மணிக்கட்டில் சட்டைக்கை திறந்து தொங்கியது. "இந்தப் பொத்தான். இடது கையில உள்ளத வலது கைதானே போடணும்? எவ்வளவு தெண்டிச்சாலும் வராது. எப்பவும் மகதான் போட்டுவிடுவா. இன்னைக்கு எம்மேல கோவம், போடல."

எங்கள் வகுப்புக்குச் சுவர் இடுப்பளவுதான். அதற்கு வெளியே, வெள்ளைச் சீருடையில், அவள் நின்றிருந்தாள். எவ்வளவு நேரமாகவோ தெரியாது.

ஒருவரையும் பார்க்காமல் உள்ளே வந்தாள். "கைய ஆட்டாம வைங்கப்பா" என்று அதட்டினாள். பொத்தானைப் போட்டு, மடிப்பை நீவிவிட்டாள். "சரி, போங்க. குரங்கு போஞ்சிக்கு வந்திரும்" என்றாள்.

அவர் என்னைப் பார்த்துத் தலையசைத்துவிட்டு இறங்கிப் போனார். அவள் தன் இடத்தில் உட்கார்ந்து, புத்தகப் பையைக் கழற்றிவைத்தாள். பிறகு என் முகத்தை நேராகப் பார்த்து வலது கையை நீட்டினாள்.

"எனக்கும் ஒட்டிவிடுங்க டீச்சர்."