வெயிலில் எரியும் பல்பு

கடையின் கடைசிப் பலகையையும் கழற்றி உள்ளே சாய்த்து வைத்ததும் ஐயாவு சுவிட்சைத் தட்டி நாற்பது வாட்ஸ் பல்பை எரிய விடுகிறார். மணி ஒன்பதுதான் ஆகிறது. நீடாமங்கலம் கடைத்தெருவில் சித்திரை வெயில் அதற்குள் கண்ணைக் கூசுகிறது. கிழக்குப் பார்த்த கடை. உள்ளே தொங்கும் கயிறுகளில் ஒவ்வொரு பிரியும் தெரிகிறது. இருந்தாலும் பல்பு எரியும், சாயங்காலம் ஆறு மணி வரைக்கும்.

கயிறு, சாக்கு, முறம், கூடை, கதிர் அரிவாள், இவைதான் சரக்கு. ஆற்றில் தண்ணீர் வந்தால் வியாபாரம். வராவிட்டால் ஈ ஓட்ட வேண்டியதுதான். மேட்டூர் திறக்க இன்னும் ஒரு மாதத்துக்கு மேல் இருக்கிறது. கோரையாற்றில் ஆடு மேய்கிறது. வேறு யாராவது என்றால் கடையைப் பூட்டிக்கொண்டு மகள் வீட்டுக்குப் போய்விடுவார்கள். ஐயாவு பதினெட்டு வருஷத்தில் ஒரு கோடைக்கும் பூட்டியதில்லை. பூட்டினார் என்றுதான் அவர்மேல் வழக்கு வந்தது.

கட்டடம் இளையபெருமாளுடையது. ஒரு காலத்தில் பன்னிரண்டு வேலி மிராசு. நில உச்சவரம்பில் போனது போக, குத்தகைக்காரர்கள் கையில் சிக்கியது போக, தன் சொல்லுக்குக் கட்டுப்படும் சொத்து என்று அவருக்கு மிஞ்சியவை வரிசையாக நான்கு கடைகள். காலி செய்யுங்கள் என்றார். மூன்று பேர் பேசாமல் சாவியைக் கொடுத்தார்கள். ஐயாவு மாட்டேன் என்றார்.

வாடகைக்கு இருப்பவர் தக்க காரணமில்லாமல் நாலு மாதம் தொடர்ந்து இடத்தைப் பூட்டிப் போட்டால் வெளியேற்றலாம் என்று வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தில் ஒரு பிரிவு இருக்கிறது. மிராசுதாரர் அதைப் பிடித்துக்கொண்டார். கரண்டு மீட்டர் அட்டையைக் கொண்டுபோய் மன்னார்குடி கோர்ட்டில் நீட்டினார். மாசியிலிருந்து ஆனி வரை யூனிட் பூஜ்யம்.

பூஜ்யம் உண்மைதான். நடவு, அறுப்புக் காலத்தில் இருட்டிய பிறகும் ஆள் வரும். அப்போதுதான் விளக்குப் போடுவார். கோடையில் பொழுது சாயுமுன் பலகையைச் சாத்திவிடுகிறவருக்கு விளக்கு எதற்கு? அவருடைய சிக்கனமே அவருக்கு எதிராகச் சாட்சி சொல்லிவிட்டது.

"கூண்டுல நிக்க வச்சு, 'அஞ்சு மாசமா ஒரு யூனிட்டுகூட ஓடலையே, இருட்டுலயாய்யா யாவாரம் பண்ணுனே?'ன்னு கேக்குறாரு வக்கீலு. 'சூரியன் இருக்குதுங்களே'ன்னேன். கோர்ட்டே சிரிச்சுது." இதைச் சொல்லும்போது ஐயாவு மட்டும் சிரிப்பதில்லை.

சாக்கு மொத்த வியாபாரி அப்துல் அஜீஸ், கோடையிலும் மாதாமாதம் தானே வந்து சரக்கு இறக்கியதாகச் சாட்சி சொன்னார். மனு தள்ளுபடியானது. மிராசுதாரர் விடுவாரா? "அடுத்த கோடை முடியட்டும், மறுபடியும் போடறேன்" என்று கடைத்தெருவில் நின்று சொன்னார். அன்று முதல் எரிகிறது இந்தப் பல்பு.

பல்போடு நிற்கவில்லை. முன்பெல்லாம் பில் என்பதே அந்தக் கடையில் கிடையாது. இப்போது எட்டணாவுக்குக் கயிறு வாங்கினாலும் பேர், ஊர், தேதி எழுதி, கையெழுத்து வாங்கி, நகலை பிஸ்கட் டின்னில் போட்டு மூடுகிறார். கைநாட்டு வைப்பவர்களுக்கு மைப்பெட்டியும் உண்டு. "நாலு முழக் கயித்துக்குக் கிரயப் பத்திரமாண்ணே?" என்று நடவுக்குப் போகும் பெண்கள் கேலி செய்வார்கள். செய்துவிட்டு மையைத் தொட்டு விரலையும் வைப்பார்கள்.

மனைவி காத்தாயிக்குத்தான் பொறுக்கவில்லை. "பட்டப்பகல்ல வெளக்கப் போட்டுக்கிட்டு ஒக்காந்திருக்கீங்க, பாக்குறவங்க கிறுக்குங்கிறாங்க. வேற எடம் பாத்துக்கிட்டுப் போயிடுவோமே" என்றாள், அவ்வப்போது கடையில் போய் உட்காருகிற நான் இருக்கும்போதே.

"எங்கப்பா இந்த மிராசு வீட்டுப் பண்ணையிலதான் கெடந்தாரு. ஒரு நாளு 'போடா'ன்னாங்க. பொழுது சாயறதுக்குள்ள குடிசையப் பிரிச்சுக்கிட்டு வந்தோம். ஏன்னு கேக்க அன்னிக்கு நாதியில்ல. இன்னிக்குக் கேக்குறதுக்கு ஒரு சட்டம் இருக்குல்ல? நான் போவமாட்டேன்."

குரலை உயர்த்தாமல் சொன்னார். எனக்கு அந்த 'மாட்டேன்' மிகவும் பிடித்திருந்தது.

போன வாரம் ரயில்வே கேட் மூடியிருந்த நேரத்தில் அவர் கடைச் சாக்குக் கட்டின்மேல் போய் உட்கார்ந்தேன். முகம் வாடியிருந்தது. பில் போட்டுப் பதினோரு நாள் ஆகிவிட்டதாம். "எனக்கு ஒரு முறம் கொடுங்கள், பில் போடுங்கள்" என்றேன்.

"உங்களுக்கு எதுக்குங்க முறம்? வேணும்னு வர்றவங்களுக்குத்தான் பில்லு. எரக்கப்பட்டு வாங்குனது கோர்ட்டுல நிக்காது." கேட்டதற்கு வெட்கமாகப் போயிற்று.

அப்போதுதான் குடையை மடக்கிக்கொண்டு இளையபெருமாளே வந்து நின்றார். படி ஏறவில்லை. வழக்குக்கு முன்பு ஐயாவுவை 'டா' போட்டுக் கூப்பிட்டவர். இப்போது அவர் வாயில் 'டா'வும் வருவதில்லை, 'ங்க'வும் வருவதில்லை.

"தாம்புக்கயிறு இருக்கா? கெணத்துல தண்ணி கீழ போயிட்டுது, இருக்கற கயிறு எட்டல. நைலான் வேணாம், கைய அறுக்குது."

ஐயாவு எழுந்தார். தேங்காய்நார்க் கயிற்றில் நல்லதாகப் பார்த்து எடுத்து, முறுக்கைத் திருகிப் பார்த்து, இரண்டு கையையும் அகல விரித்துப் பத்துப் பாகம் அளந்தார். எல்லோருக்கும் விடுகிற மாதிரி ஒரு முழம் கூட விட்டு அறுத்தார். சுருட்டிக் கட்டி இரண்டு கையாலும் கொடுத்தார். மிராசுதாரர் பணத்தைப் பெட்டிமேல் வைத்துவிட்டுத் திரும்பினார்.

"ஐயா, ஒரு நிமிசம்."

பில் புத்தகத்தில் கார்பன் தாளைச் செருகித் தேதியை எழுதினார். பிறகு பேர், ஊர். எதையும் கேட்கவில்லை, ஒவ்வோர் எழுத்தாக நிறுத்தி எழுதினார். மிராசுதாரர் தலைக்குமேல் எரியும் பல்பைப் பார்த்தார். கையிலிருந்த கயிற்றைப் பார்த்தார்.

"யாரா இருந்தாலும் கையெழுத்து வாங்காம சரக்கு குடுக்குறதில்லீங்கய்யா" என்று சொல்லி, ஐயாவு புத்தகத்தை அவர் பக்கம் திருப்பி வைத்து, பேனா மூடியைக் கழற்றி நீட்டினார்.